கண்ணில் காயமில்லை, பார்வை மட்டும் ஏன் மங்கியது? பார்வை நரம்பு கடக்கும் எலும்புக் கால்வாயைப் பற்றி

உங்கள் கேள்வியை முதலில் என் சொற்களில் திருப்பிச் சொல்லிக்கொள்கிறேன். தம்பி இருசக்கர வண்டியிலிருந்து விழுந்து, வலப் புருவத்துக்கு மேலே அடிபட்டு ஒன்பது நாளாகிறது. புருவத்தில் தையல் போட்டிருக்கிறார்கள். கண்ணில் ஒரு கீறல்கூட இல்லை. ஆனால் வலக்கண்ணால் பார்த்தால் முகத்துக்கு நேரே ஆட்டும் கை மட்டுமே தெரிகிறது. சிடி ஸ்கேன் அறிக்கையில் "வலது ஆப்டிக் கேனலின் உட்சுவரில் இடம் விலகாத விரிசல், ஸ்பீனாய்டு சைனஸில் இரத்தம், கண்கோளம் இயல்பு" என்று எழுதியிருக்கிறது. கண் மருத்துவர் பொறுத்துப் பார்க்கலாம் என்கிறார். உறவினர் ஒருவரோ, பார்வை நரம்பு செல்லும் அந்த எலும்பு ஓட்டை, அதாவது ஆப்டிக் கேனல், உடைந்தால் நரம்பு அறுந்துவிட்டது என்றுதான் பொருள், உடனே அறுவை செய்யாவிட்டால் கண் போய்விடும் என்கிறார். அந்த ஓட்டை எங்கே இருக்கிறது, அதன் வழியே என்னென்ன போகின்றன என்றுதான் நீங்கள் கேட்டிருக்கிறீர்கள். ஆனாலும் உங்களை உறுத்துவது வேறு இரண்டு கேள்விகள் என்று எண்ணுகிறேன்: எலும்பில் விரிசல் என்றால் நரம்பு அறுந்ததாகுமா? கண் முழுதாக இருக்கும்போது பார்வை எப்படிக் குறையும்?

நான் மருத்துவக் கல்லூரியில் உடற்கூறியல் கற்பிக்கும் ஆசிரியர். இந்த இடத்தைப் பல ஆண்டுகளாக மாணவர்களுக்கு உலர்ந்த எலும்பிலும் இறந்தவர் உடலிலும் திறந்து காட்டி வருகிறேன். கண் மருத்துவம் என் துறை அன்று. உங்கள் தம்பியின் படங்களையும் நான் பார்க்கவில்லை. ஆகவே அமைப்பைப் பற்றி உறுதியாகச் சொல்கிறேன். சிகிச்சையைப் பற்றி, மருத்துவ உலகம் எதில் தெளிந்திருக்கிறது, எதில் இன்னும் தெளியவில்லை என்ற அளவோடு நிறுத்திக்கொள்கிறேன்.

மண்டையோட்டின் மேல்மூடியை அறுத்து எடுத்துவிட்டு உள்ளே பார்த்தால், அதன் அடித்தளம் முன், நடு, பின் என்று மூன்று தளங்களாக இறங்குவது தெரியும். முன்தளத்துக்கும் நடுத்தளத்துக்கும் எல்லையாக இரு பக்கமும் ஒரு கூரிய விளிம்பு ஓடுகிறது. அது, மண்டையோட்டின் அடித்தளத்தில் நடுவே இருக்கும் ஸ்பீனாய்டு எலும்பின் சிறு சிறகு. அந்த விளிம்பு நடுக்கோட்டை நெருங்கும்போது பின்னோக்கி நீண்ட ஒரு முனையாக முடிகிறது. அந்த முனைக்கு உட்புறம், நடுக்கோட்டிலிருந்து ஒரு விரல் அகலம்கூடத் தள்ளாமல் இருக்கும் திறப்புதான் நீங்கள் கேட்ட ஓட்டையின் உள்வாய். எங்கள் கூடத்தில் எலும்புத் துளைகள் எங்கிருந்து எங்கே போகின்றன என்று தெரிந்துகொள்ள மாணவர்கள் ஈர்க்குச்சியைத்தான் பயன்படுத்துவார்கள். அந்த உள்வாயில் ஈர்க்கை நுழைத்துத் தள்ளினால், முன்னோக்கியும் வெளிப்பக்கமாகவும் சற்றுக் கீழாகவும் சாய்ந்து சென்று, கண்குழியின் அடி ஆழத்தில், மேலே உட்பக்கமாக நுனியை நீட்டும். முன்னிருந்து கண்குழிக்குள் நேராகப் பார்த்தால் இந்தத் திறப்பு ஒரு நிழலாக மட்டுமே தெரியும். மண்டையோட்டை வெளிச்சத்துக்கு முன்னே பிடித்து, அதன் முகத்தை மறுபக்கமாக ஏறத்தாழ 40 பாகை திருப்பி, சற்றுக் கீழிருந்து நோக்கினால், சட்டென்று ஒரு வட்டமான வெளிச்சப் பொட்டு தெரியும். சிடி ஸ்கேன் வருவதற்கு முன்பு இந்தத் திறப்பை எக்ஸ்ரே எடுத்தவர்களும் நோயாளியின் தலையை ஏறக்குறைய இந்தக் கோணத்தில்தான் திருப்பி வைத்தார்கள்.

வெளிச்சம் தெரிவதால் அதை ஓட்டை என்கிறோமே தவிர, உண்மையில் அதற்கு நீளம் உண்டு. பெரியவர்களில் அந்த நீளம் பொதுவாக 8 முதல் 12 மி.மீ. வரை, குறுக்களவு 4 முதல் 5 மி.மீ. அளவில்தான். முழு நீளத்துக்கும் ஒரே வடிவமும் கிடையாது. மூளைப் பக்க வாய் பக்கவாட்டில் அகன்ற நீள்வட்டம். நடுப்பகுதி ஏறக்குறைய வட்டம். கண்குழிப் பக்க வாய் மேலும் கீழுமாக நீண்டது. கண்குழியை நெருங்கும் இடத்தில் சுவர் எலும்பு தடித்து, வழி குறுகுகிறது. கூரையாக அமைவது சிறு சிறகின் மேல்வேர். கீழும் வெளிப்பக்கமும் தாங்குவது அதன் கீழ்வேர். உட்சுவர் ஸ்பீனாய்டு எலும்பின் உடற்பகுதி. கருவில் இந்த இரண்டு வேர்களும் நரம்பின் மேலும் கீழுமாக வளர்ந்து இணைந்துதான் நரம்பைச் சுற்றி இந்தக் கால்வாய் உருவாகிறது. நரம்பு முதலில், எலும்பு பிறகு என்ற இந்த வரிசையை மனத்தில் வைத்துக்கொண்டால், கால்வாயில் ஏன் அதிக இடம் மிச்சமில்லை என்பது எளிதில் புரியும்.

இதன் வழியே செல்பவை மிகச் சில. முதலாவது, பார்வை நரம்பு, தன்னைச் சுற்றிய மூளை உறைகளோடு. இரண்டாவது, கண் தமனி. மூன்றாவது, அந்தத் தமனியின் சுவரைப் பற்றிக்கொண்டு வரும் நுண்ணிய பரிவு நரம்பிழைகள். அவ்வளவுதான். கண்ணை அசைக்கும் மூன்று நரம்புகளும், நெற்றிக்கும் கருவிழிக்கும் தொடுவுணர்வு தரும் நரம்பும், கண்ணிலிருந்து இரத்தத்தைத் திருப்பி எடுத்துச் செல்லும் சிரைகளும் இந்தக் கால்வாயில் வருவதில்லை. இதற்குச் சற்று வெளிப்பக்கமாகக் கண்குழியில் சாய்வாகத் தெரியும் ஒரு நீண்ட பிளவின் வழியே அவை வருகின்றன. நான் மேலே கீழ்வேர் என்று சொன்ன அந்தச் சிறு எலும்புத் தூண் ஒன்றுதான் இரண்டு வழிகளையும் பிரித்து நிற்கிறது. உங்கள் தம்பியின் கண் எல்லாப் பக்கமும் தடையின்றி அசைகிறது, இமை தொங்கவில்லை, நெற்றியில் மரத்துப்போகவில்லை என்றால், அடியின் விளைவு அந்தப் பிளவைத் தொடாமல் கால்வாயோடு நின்றிருக்கிறது என்று ஊகிக்கலாம். பார்வை மட்டும் தனியாகக் குறைவதற்கு உடற்கூறு சொல்லும் காரணம் இந்தத் தனி வழிதான்.

அடுத்தது, என் பார்வையில் இந்த இடத்தின் மிக முக்கியமான செய்தி. பார்வை நரம்பின் முழு நீளம் ஏறத்தாழ 5 செ.மீ. அதில் கண்கோளத்தின் சுவருக்குள் இருப்பது 1 மி.மீ. மட்டுமே. கண்குழிக்குள் 25 முதல் 30 மி.மீ. ஓடுகிறது, ஆனால் கண்கோளத்தின் பின்புறத்திலிருந்து கால்வாயின் வாய் வரை நேர்த்தூரம் ஏறத்தாழ 18 மி.மீ.தான். மிச்ச நீளம் வளைந்து தளர்ந்து கிடக்கிறது. அதனால்தான் கண்ணை எந்தப் பக்கம் திருப்பினாலும் நரம்பு இழுபடுவதில்லை. கால்வாய்க்குப் பின்னே, மூளைக்குள் செல்லும் பகுதியும் நீரில் மிதக்கும் பகுதி. இந்த இரண்டு தளர்ந்த பகுதிகளுக்கும் நடுவே, கால்வாய்க்குள் மட்டும் நரம்பு இறுகப் பற்றப்பட்டிருக்கிறது. மூளையின் வெளியுறையாகிய டியூரா இந்தக் கால்வாய்க்குள் எலும்போடு ஒட்டி, எலும்பின் மேலுறையாகவே ஆகிவிடுகிறது; கண்குழியை அடைந்ததும் அது இரண்டாகப் பிரிந்து, ஓர் அடுக்கு கண்குழியின் சுவரை மூடுகிறது, மற்றொன்று நரம்புக்கு உறையாகத் தொடர்கிறது. கண்ணை அசைக்கும் நேர்த்தசைகள் நான்கும் கிளம்பும் நாண் வளையமும் இந்த வாயைச் சுற்றித்தான் பதிந்திருக்கிறது. 18ஆம் நூற்றாண்டு ஜெர்மானிய உடற்கூறியலாளர் சின் என்பவரின் பெயரால் அதை அழைக்கிறோம். ஆக, முன்னும் பின்னும் அசையக்கூடிய ஒரு நரம்பு, நடுவில் ஒரு செ.மீ. நீளத்துக்கு மட்டும் அசைய வழியில்லாமல் எலும்போடு கட்டப்பட்டிருக்கிறது.

உடலில் இந்தக் கால்வாயைத் திறக்கும்போது இதைக் கண்ணால் பார்க்கலாம். மூளையை எடுத்த பிறகு, வெட்டிய நரம்பின் முனை உள்வாயில் வெண்மையாகத் தெரியும். அதன் மேலே டியூராவின் ஒரு மடிப்பு, கூரைக்குச் சற்றுப் பின்னே நீட்டியபடி நரம்பை மூடியிருக்கும். அந்த மடிப்பின் விளிம்பு கூர்மையானது. நரம்பு கீழிருந்து மேலே தள்ளப்பட்டால் அந்த விளிம்பிலேயே அழுந்தும். நுண்ணிய உளியால் கூரையைச் சிறுகச் சிறுகப் பெயர்த்தால், மெல்லிய எலும்புத் துணுக்குகள் டியூராவோடு ஒட்டிக்கொண்டே வரும். உரித்துப் பிரிக்கப் பொறுமை வேண்டும். டியூராவைக் கீறி நரம்பை மெல்லத் தூக்கினால் அதன் அடியில், சற்று வெளிப்பக்கமாக, கண் தமனி படுத்திருக்கும். கழுத்து வழியே மூளைக்கு இரத்தம் கொண்டுவரும் உள் கரோட்டிட் தமனி, கேவர்னஸ் சைனஸ் என்னும் சிரைக்குழியை விட்டு மேலே வந்தவுடன் பெரும்பாலும் தரும் முதல் பெரிய கிளை இது. நரம்பைத் தூக்கிய இடத்தில் சுற்றுமுற்றும் வெற்றிடம் என்று சொல்லும்படி ஒன்றும் இராது. நரம்பு, உறை, தமனி மூன்றும் கால்வாயை ஏறக்குறைய நிறைத்துவிடுகின்றன. மாணவர்கள் முதன்முறை இதைப் பார்க்கும்போது, இவ்வளவு நெருக்கமா என்று கேட்காமல் இருந்ததில்லை.

இப்போது உங்கள் இரண்டாவது கேள்விக்கு வரலாம். விரலில் இறுகிய மோதிரம் இருக்கும்போது விரல் வீங்கினால் என்ன ஆகுமோ, அதுதான் இங்கேயும் ஆகிறது. வெட்டுக் காயம் இல்லாமலே இரத்த ஓட்டம் நெருக்குண்டு திசு வாடுகிறது. மற்ற இடங்களில் அடிபட்ட திசு வீங்க இடம் இருக்கும். இந்த ஒரு செ.மீ. நீளத்தில் சுற்றிலும் எலும்பு. இதைத் தவிர இன்னொரு வழியும் உண்டு. கால்வாய்க்குள் நரம்புக்கு உணவூட்டும் இரத்தக் குழாய்கள் மயிரிழை போன்றவை. உறையிலிருந்து நரம்பின் மேற்பரப்புக்குத் தாவிச் செல்பவை. தலை சட்டென்று நின்று மூளையும் நரம்பும் ஒரு கணம் தொடர்ந்து நகரும்போது, எலும்போடு கட்டப்பட்ட உறை நகராது. அந்தக் கணத்தில் இந்த நுண்குழாய்களும் நரம்பிழைகளும் அறுபடலாம். ஒரு பார்வை நரம்பில் இத்தகைய இழைகள் ஏறக்குறைய 10 முதல் 12 லட்சம் இருக்கின்றன. அவற்றின் செல்கள் விழித்திரையில் இருக்கின்றன. இழைகள் கால்வாயைக் கடந்து மூளைக்குள் போகின்றன. நரம்பு என்று பெயர் இருந்தாலும், இது கை கால் நரம்புகளைப் போன்றதன்று, மூளையின் நீட்சி. அதனால்தான் உள்ளே இழை அறுந்தால் அது தானாக மீண்டும் வளர்வதில்லை.

அடிபட்டது புருவத்தில், சேதம் ஆழத்தில் எப்படி என்ற ஐயமும் உங்களுக்கு எழுந்திருக்கும். புருவத்துக்கு மேல் பட்ட காயத்துக்குப் பிறகு பார்வை மங்குவதை ஹிப்போக்கிரட்டீஸ் பெயரால் வழங்கும் பழைய கிரேக்க மருத்துவக் குறிப்புகளே பதிவு செய்திருக்கின்றன. காரணம் பிற்பாடுதான் தெளிந்தது. 1980களின் தொடக்கத்தில் உலர்ந்த மண்டையோடுகளின் நெற்றி எலும்பை அழுத்தி, எலும்பு எங்கே எவ்வளவு வளைகிறது என்பதை லேசர் ஹாலோகிராபி முறையால் படம் பிடித்தார்கள். நெற்றியில் கொடுத்த அழுத்தம் கண்குழியின் கூரை வழியே பின்னோக்கிச் சென்று இந்தக் கால்வாயை ஒட்டிய பகுதியில் குவிவது அதில் தெரிந்தது. கண்குழியின் சுவர்கள் எல்லாம் பின்னே ஒரு முனையை நோக்கிக் குறுகி வருவதால் விசையும் அங்கேயே போய்ச் சேருகிறது. புருவத்தின் வெளிப்பாதியில் பட்ட அடி இந்த வகைச் சேதத்தோடு அடிக்கடி சேர்த்துச் சொல்லப்படுவதற்கு இதுவே விளக்கம்.

அறிக்கையில் உட்சுவர் என்றும், சைனஸில் இரத்தம் என்றும் சேர்ந்து வருவதற்குக் காரணம், உட்சுவருக்கு மறுபக்கம் இருப்பது மூக்கின் பின்னே உள்ள காற்றறை என்பதே. ஸ்பீனாய்டு சைனஸ் நன்றாகக் காற்றேறி வளர்ந்தவர்களில், நரம்பின் கால்வாய் அந்த அறையின் பக்கச்சுவரில் ஒரு மேடாகவே புடைத்திருக்கும். அதற்குக் கீழே கரோட்டிட் தமனி இன்னொரு மேடு. இரண்டுக்கும் நடுவே ஒரு குழி. சிலருக்கு அதற்கு முன்னே உள்ள எத்மாய்டு காற்றறைகளில் கடைசியானது பின்னோக்கி வளர்ந்து, ஸ்பீனாய்டுக்கு மேலேறி, நரம்பைத் தானே சூழ்ந்துகொள்ளும். புடாபெஸ்ட் நகரின் தொண்டை மருத்துவர் ஓனொடி விவரித்ததால் அவர் பெயரால் அழைக்கப்படும் அறை அது. இந்த மேட்டின் சுவர் பலருக்கு அரை மி.மீ. தடிமன்கூட இராது, ஒரு சிறு விழுக்காட்டினருக்கு எலும்பே இல்லாமல், டியூராவும் சைனஸின் மென்தோலும் மட்டுமே நடுவில் இருக்கும். ஆகவே உட்சுவரில் விரிசல் விழுவதற்குப் பெரிய விசை தேவையில்லை. உள்ளே இரத்தம் கசிந்திருப்பதும் எதிர்பார்க்கத்தக்கதே. மூக்கு வழியாக எண்டோஸ்கோப் கொண்டு சைனஸ் அறுவை செய்கிற காது மூக்கு தொண்டை நிபுணர்கள் அறுவைக்கு முன்பே சிடி படத்தில் இந்தச் சுவரைத் தேடிப் பார்ப்பதும் இதனால்தான். கண்குழியின் உட்சுவர் வழியே போகிறவர்களுக்கு ஒரு பழைய அளவுக் கணக்கு உண்டு: கண்ணீர்ப் பைக்கு முன்னுள்ள எலும்பு மேட்டிலிருந்து முதல் எத்மாய்டு துளை 24 மி.மீ., அங்கிருந்து இரண்டாவது 12 மி.மீ., அங்கிருந்து கால்வாய் 6 மி.மீ. இது சராசரிதான். எலும்புகளை அளந்து பார்த்தால், கடைசி 6 மி.மீ. என்பது ஆளுக்கு ஆள் நன்றாகவே மாறுகிறது. அதை மட்டும் நம்பிக் கருவியை நுழைக்கக் கூடாது என்றுதான் மாணவர்களிடம் சொல்வேன்.

உங்கள் முதல் கேள்விக்கு, அதாவது உறவினர் சொன்னதற்கு, என் விடை இது: விரிசல் என்பது எலும்பைப் பற்றிய செய்தி, நரம்பைப் பற்றிய செய்தி அன்று. இடம் விலகாத விரிசல் என்றால் எலும்பின் துண்டு நரம்பின் மேல் சாயவில்லை என்று பொருள். அப்படிப்பட்ட விரிசலோடு பார்வை குறையாதவர்கள் இருக்கிறார்கள். சிடி படத்தில் ஒரு கோடுகூடத் தெரியாமல் பார்வை முழுதும் போனவர்களும் இருக்கிறார்கள். இதில் ஐயமில்லை. உண்மையில் நரம்பு முழுவதுமாக அறுவது அரிது. கூரிய பொருள் குத்தினாலோ எலும்புத் துணுக்கு நரம்புக்குள் பாய்ந்தாலோதான் அது பெரும்பாலும் நிகழும். உங்கள் தம்பிக்குக் கை அசைவு தெரிகிறது என்றாலே, குறைந்தபட்சம் ஒரு பகுதி இழைகள் தொடர்பறாமல் இருக்கின்றன. அறுந்த நரம்பு வழியே கை அசைவு தெரியாது.

எந்த அளவு இழைகள் இழந்தன, எந்த அளவு வீக்கத்தால் செயலற்று இருக்கின்றன என்பதை இன்று யாராலும் எண்ணிச் சொல்ல முடியாது. ஆனால் நரம்பு எப்படி வேலை செய்கிறது என்று படுக்கையருகிலேயே தெரிந்துகொள்ளும் சோதனை ஒன்று உண்டு. கண் மருத்துவர் அதைச் செய்திருப்பார். அறையை இருட்டாக்கி, நோயாளியைத் தொலைவில் பார்க்கச் சொல்லி, நல்ல கண்ணில் டார்ச் ஒளியைக் காட்டினால் இரண்டு கண்களின் கண்மணிகளும் சுருங்கும். ஒளியைச் சட்டென அடிபட்ட கண்ணுக்கு நகர்த்தினால், சுருங்கி நிற்க வேண்டிய கண்மணிகள் இரண்டும் மெல்ல விரியும். ஒளி அங்கே விழுகிறது, ஆனால் செய்தி குறைவாகவே மூளைக்குப் போகிறது என்பதன் அடையாளம் அது. கண்ணின் உள்ளே பார்த்தால் முதல் சில வாரங்களுக்கு எல்லாம் இயல்பாகவே தெரியும். சேதம் கால்வாயில், கண்ணுக்குப் பல மி.மீ. பின்னே. விழித்திரையின் மையத் தமனி, கண்கோளத்துக்கு ஏறத்தாழ ஒரு செ.மீ. பின்னே, அதாவது கால்வாய்க்கு முன்பாகவே, நரம்புக்குள் நுழைந்துவிடுகிறது. அதனால் விழித்திரையின் இரத்த ஓட்டம் பாதிக்கப்படுவதில்லை. அறிக்கையில் "கண்கோளம் இயல்பு" என்று எழுதியதும், தம்பிக்குப் பார்வை குறைந்திருப்பதும் ஒன்றுக்கொன்று முரண் இல்லை என்பது இதனால் விளங்கும். இழந்த இழைகள் பின்னோக்கி வாடி விழித்திரை வரை வந்து சேர ஏறத்தாழ மூன்று முதல் ஆறு வாரம் ஆகும். கண்ணின் உட்புறத்தில் பார்வை நரம்பு தொடங்கும் இடமாகத் தெரியும் பார்வைத் தட்டு வெளுப்பது அப்போதுதான் தெரியும். ஆறாவது வாரத்தில் திரும்பப் பார்க்க வேண்டும் என்று மருத்துவர் சொன்னால் அதற்குப் பொருள் உண்டு.

இனி, தெளியாத பகுதி. கால்வாயின் சுவரை எடுத்து இடம் உண்டாக்கினால் நரம்பு பிழைக்கும் என்ற எண்ணம் உடற்கூறைப் பார்க்கும் எவருக்கும் இயல்பாகத் தோன்றும், எனக்கும் தோன்றுவதுதான். ஆனால் அமைப்பிலிருந்து பிறக்கும் எண்ணம் சான்று ஆகாது. 1999இல் வெளியான பன்னாட்டு ஆய்வு ஒன்றில், இந்த வகைச் சேதத்துக்கு ஸ்டீராய்டு பெற்றவர்களையும், கால்வாயைத் திறக்கும் அறுவை செய்துகொண்டவர்களையும், எதுவும் செய்யாமல் கவனித்து வந்தவர்களையும் ஒப்பிட்டார்கள். பார்வைப் பலகையில் மூன்று வரியாவது முன்னேறியவர்கள் அறுவைப் பிரிவில் 32 விழுக்காடு, ஸ்டீராய்டு பிரிவில் 52 விழுக்காடு, சிகிச்சையற்ற பிரிவில் 57 விழுக்காடு. இதைப் பார்த்து, சிகிச்சை தராமல் விடுவதே மேல் என்று முடிவு கட்டக் கூடாது. அறுவைப் பிரிவில் 33 பேர், ஸ்டீராய்டு பிரிவில் 85 பேர் இருக்க, சிகிச்சையற்ற பிரிவில் இருந்தவர்கள் 9 பேர் மட்டுமே. யாருக்கு எது என்று குலுக்கல் முறையில் பிரிக்கவும் இல்லை. அந்த ஆய்விலிருந்து நேர்மையாக எடுக்கக்கூடிய முடிவு இரண்டு: எந்தச் சிகிச்சையும் மற்றொன்றைவிடத் தெளிவாக மேம்பட்டதென நிறுவப்படவில்லை; எதுவும் செய்யாமலே கணிசமானவர்களுக்குப் பார்வை ஓரளவு திரும்புகிறது. ஸ்டீராய்டைப் பற்றி இன்னும் ஒன்று சேர்க்க வேண்டும். தலைக்காயம் பட்ட 10,008 பேரிடம் நடந்து 2004இல் வெளியான கிராஷ் ஆய்வில், மெத்தில்பிரெட்னிசோலோன் என்ற ஸ்டீராய்டை மிகை அளவில் பெற்றவர்களில் இரண்டு வாரத்துக்குள் இறந்தவர்கள் 21.1 விழுக்காடு, பெறாதவர்களில் 17.9 விழுக்காடு. தலையிலும் அடிபட்ட ஒருவருக்குக் கண்ணுக்காக அந்த மருந்தை அள்ளிக் கொடுக்க இன்று மருத்துவர்கள் தயங்குவது இதனால்தான். உங்கள் கண் மருத்துவர் பொறுத்துப் பார்க்கலாம் என்றது அசட்டையால் என்று நான் நினைக்கவில்லை.

அறுவையை நிபுணர்கள் தீவிரமாகக் கருதும் சூழல்களும் உண்டு: எலும்புத் துணுக்கு நரம்பை அழுத்துவது படத்தில் தெரிவது, நரம்புறைக்குள் இரத்தம் கட்டியிருப்பது, விபத்துக்குப் பிறகு முதலில் இருந்த பார்வை நாளடைவில் குறைந்துகொண்டே போவது. மூன்றாவதை நீங்கள்தான் சொல்ல முடியும். விழுந்த உடனே பார்வை மங்கியதா, அல்லது மருத்துவமனையில் முதல் நாள் எழுத்து தெரிந்து பிறகு குறைந்ததா என்று தம்பியிடம் நிதானமாகக் கேட்டு மருத்துவரிடம் சொல்லுங்கள். இரண்டும் ஒன்றன்று. உடனே போன பார்வை, விழுந்த கணத்திலேயே இழைகள் சேதமானதைக் காட்டுகிறது. பிறகு குறைந்தது வீக்கத்தையோ இரத்தக் கட்டையோ காட்டுகிறது. கால்வாய் மெதுவாகக் குறுகும்போது நரம்பு எவ்வளவு தாங்கும் என்பதற்கு இன்னொரு நோய் சான்று. நார்த்திசு எலும்புப் பெருக்கம் என்று சொல்லத்தக்க ஃபைப்ரஸ் டிஸ்பிளேசியாவில், எலும்பு தடித்துத் தடித்துக் கால்வாயை முழுதும் சூழ்ந்துகொண்ட பிறகும் பெரும்பாலோர் நல்ல பார்வையோடு இருக்கிறார்கள்; படத்தில் வழி குறுகியிருக்கிறது என்பதற்காக மட்டும் அவர்களுக்கு அறுவை செய்வதில்லை. நரம்பைக் கெடுப்பதில் நெருக்கத்தின் அளவைவிட அது வந்த வேகத்துக்கே பங்கு அதிகம் என்று இதிலிருந்து நான் புரிந்துகொள்கிறேன். இது என் கருத்து, நிறுவப்பட்ட விதி அன்று.

இணையத்தில் தேடினால் இரட்டைக் கால்வாய், ஒரு பக்கம் அகன்ற கால்வாய் என்றெல்லாம் படித்துக் குழம்புவீர்கள். கண் தமனிக்குத் தனியாக ஒரு சிறு எலும்பு வழி அமைவதே பெரும்பாலும் இரட்டைக் கால்வாய். பிறப்பிலேயே வருவது, கெடுதல் செய்வதில்லை. இரு பக்கமும் 1 மி.மீ.க்கு மேல் அளவு வேறுபட்டால் நரம்பில் கட்டி வளர்கிறதா என்று தேடுவார்கள். விபத்தோடு அதற்குத் தொடர்பில்லை.

கடைசியாக, இந்த இடத்தின் அக்கம்பக்கத்தால் நீங்கள் கவனிக்க வேண்டிய ஒன்று இருக்கிறது. அதை வீட்டில் எல்லோரிடமும் சொல்லி வையுங்கள். கரோட்டிட் தமனி அதே சைனஸ் சுவரில் சில மி.மீ. கீழே ஓடுகிறது என்றேன். விரிசல் அதையும் தொட்டிருந்தால், தமனியின் சுவர் பலவீனமாகி, நாட்கள் அல்லது வாரங்கள் கழித்துக்கூடக் கசியலாம். இது அரிது, ஆனால் ஒரு கண்ணில் பார்வையிழப்பு, கண்குழியின் ஆழத்தில் எலும்பு முறிவு, பிறகு திடீரென மூக்கிலிருந்து பெருகும் இரத்தம் என்ற மூன்றும் சேர்ந்து வருவது நெடுநாளாக அறியப்பட்ட ஆபத்து. தம்பிக்கு மூக்கிலிருந்து நிற்காமல் இரத்தம் வந்தாலோ, குனியும்போது மூக்கில் தெளிந்த நீர் சொட்டினாலோ, கண் சிவந்து பிதுங்கி, நாடித் துடிப்போடு சேர்ந்து தலைக்குள் இரைச்சல் கேட்டாலோ, நேரம் பார்க்காமல் நரம்பியல் அறுவை வசதியுள்ள மருத்துவமனைக்குக் கொண்டு செல்லுங்கள். அடுத்த முறை மருத்துவரைப் பார்க்கும்போது, எடுத்த சிடி 1 மி.மீ. அல்லது அதற்கும் மெல்லிய வெட்டுகளில் எடுக்கப்பட்டதா, விரிசல் கரோட்டிட் தமனியின் சுவர்வரை போகிறதா, தமனியைத் தனியாகப் படம் எடுக்க வேண்டுமா என்ற மூன்றையும் கேளுங்கள். பார்வையளவு, நிற உணர்வு, டார்ச் சோதனையின் முடிவு ஆகியவற்றை ஒவ்வொரு முறையும் தேதியோடு ஒரு தாளில் எழுதி வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். பார்வை ஏறுகிறதா இறங்குகிறதா என்பதைச் சிடி அறிக்கையைவிட அந்தத் தாள்தான் மருத்துவருக்குத் தெளிவாகக் காட்டும்.